அம்மா ‘பாப்பா’ என்கிறார்

தம்பி, ஹார்மோன் ஊசி போட்டுக் குரல் உடைந்து ஐந்து மாதமாகியும் அம்மா ‘பாப்பா’ என்றுதான் கூப்பிடுகிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். புதுப் பெயரை உடனே எதிர்பார்க்காதீர்கள். கண்ணு, சாமி, தங்கம் இதிலெல்லாம் ஆணும் இல்லை, பெண்ணும் இல்லை. “பாப்பா வேணாம்மா, சாமின்னு கூப்பிடு” என்று கேட்டுப் பாருங்கள். ‘வந்தான்’ என்று சொல்ல வாய் வராத அம்மாக்கள் ‘வந்துச்சு, சாப்டுச்சு’ என்பார்கள். வீட்டில் அது செல்லம், பொறுத்துக்கொள்ளலாம். அதே ‘அது’வை அம்பத்தூர் எஸ்டேட்டில் சூப்பர்வைசர் சொன்னால் விடாதீர்கள்.

ஊசியை யார் எழுதிக்கொடுத்தார் என்று கடிதத்தில் இல்லையே? அம்பத்தூரில் ரயில் ஏறினால் சென்ட்ரல், எதிரே ராஜீவ் காந்தி அரசு பொது மருத்துவமனை. அங்கே திருநர்களைப் பார்க்கத் தனிப் பிரிவு இருக்கிறது. ரத்தப் பரிசோதனை இல்லாமல் ஊசி வேண்டாம். மார்பை இறுக்கும் பைண்டர் எட்டு மணி நேரத்துக்கு மேல் கூடாது, ஓ.டி. பார்க்கும் நாளில் கழற்றிவிட்டுத் தொளதொள சட்டை போடுங்கள். கிரேப் பேண்டேஜ் சுற்றவே கூடாது.

இனி போலீஸ். தோழியோடு பூந்தமல்லியில் வீடு எடுத்தால் ‘காணவில்லை’ என்று புகார் கொடுப்பேன் என்கிறார் அப்பா. மதுரையிலிருந்து சென்னைக்கு வந்த இரண்டு இளம்பெண்களுக்கும் இதேதான் நடந்தது. அவர்கள் தொடுத்த சுஷ்மா வழக்கில் 2021 ஜூன் 7 அன்று நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ், இப்படிப் போனவர்கள் வயது வந்தவர்கள், விருப்பப்பட்டுத்தான் போனார்கள் என்று தெரிந்தால் வாக்குமூலம் வாங்கிக்கொண்டு, தொந்தரவு செய்யாமல் புகாரை முடிக்க வேண்டும் என்றார். மறுவருடம், பால்புதுமையரைத் துன்புறுத்தக் கூடாது என்று காவலர் நடத்தை விதிகளிலும் சேர்த்தார்கள்.

ஆகவே கிளம்புவதற்கு முன்பே எழுதுங்கள். வயது இன்னது, சொந்த விருப்பத்தில் போகிறேன், யாரும் கட்டாயப்படுத்தவில்லை. தேதி, கையெழுத்து, வயதுச் சான்றின் நகல். தோழி தனியாக, அவர் கையாலேயே எழுதட்டும். இல்லாவிட்டால் கடத்தல் புகார் உங்கள் தலையில் விழும். இரண்டையும் ஆவடி காவல் ஆணையரகத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டால் வழக்கறிஞரோடு போங்கள். வருமானம் குறைவென்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாகவே கிடைப்பார்.

பத்தாம் வகுப்பு மார்க் ஷீட், ஆதார் இரண்டும் இப்போதே உங்கள் கையில் இருக்கட்டும். சண்டை வந்த வீட்டில் முதலில் பூட்டுவது அவை இருக்கிற பீரோவைத்தான்.

குடிபோன அன்று ராத்திரியே அம்மாவுக்குப் போன் போடுங்கள், அப்பா பக்கத்தில் இருக்கிற நேரமாகப் பார்த்து. பேசிய பிள்ளையைக் காணவில்லை என்று எழுத அவருக்கும் கை வராது.