கொடி கட்டிய ரசிகர்கள்

அன்புள்ள தம்பிக்கு,

தமிழ்த் திரையின் முதல் உச்ச நட்சத்திரம் எம்.கே. தியாகராஜ பாகவதர். 1934-இல் ‘பவளக்கொடி’யில் அறிமுகமானார். 1944 தீபாவளிக்கு வந்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது. அவர் புகழைச் சுமந்தவை நாடக மேடையும் இசைத்தட்டும். ஊரெங்கும் ‘பாகவதர் கிராப்’ வளர்த்தார்கள். ஆனால் அவருக்காகத் திரண்டு நிற்க அமைப்பு ஏதும் இல்லை. பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் சிறைப்பட்டு 1947-இல் விடுதலையானார். அதன்பின் நடித்த படங்கள் முன்போல் ஓடவில்லை.

அதே 1947-இல் ‘ராஜகுமாரி’ வெளியானது. எம்.ஜி.ஆர். கதாநாயகனான முதல் படம் அது. நம் திருப்பூருக்குப் பக்கத்துக் கோவையில், சென்ட்ரல் ஸ்டுடியோவில் எடுக்கப்பட்டது. 1954-இல் அவர் நடித்த ‘மலைக்கள்ள’னைத் தந்ததும் கோவையின் பட்சிராஜா ஸ்டுடியோதான். எம்.ஜி.ஆரின் வளர்ச்சியில் கொங்கு நாட்டுக்கு உள்ள பங்கைச் சென்னைக்காரர்கள் அவ்வளவாகப் பேசுவதில்லை.

1950-களில் எம்.ஜி.ஆருக்கு ரசிகர் மன்றங்கள் முளைத்தன. மன்றம் என்றால் பெரிய அலுவலகம் அல்ல. ஒரு பெயர்ப் பலகை, தலைவர், செயலாளர், மாதச் சந்தா, கூடிப் பேச ஒரு டீக்கடை, அவ்வளவே. படப்பெட்டி ஊருக்குள் வரும் நாளில் தோரணம், கட்-அவுட்டுக்கு மாலை, திரையில் நாயகன் தோன்றினால் சூடம். போட்டி நடிகர் சிவாஜி கணேசனின் மன்றத்தாரோடு சுவரொட்டிச் சண்டையும் உண்டு. பனியன் கம்பெனித் தொழிலாளிக்குச் சனிக்கிழமை சம்பளம், ஞாயிற்றுக்கிழமை தரை டிக்கெட். ‘பேசும் படம்’, ‘பொம்மை’ போன்ற இதழ்களும், சில்லறைக் காசுக்குக் கிடைத்த பாட்டுப் புத்தகமும் மிச்ச நாட்களுக்குத் துணை. கிராமத்து டூரிங் கொட்டகைக்குப் படம் வர மாதக்கணக்காகும். காத்திருப்பே ஆவலை வளர்த்தது.

ஜப்பானில் நட்சத்திரம் உருவான வழி வேறு. அங்கே 1971-இல் தொடங்கிய ‘ஸ்டார் டாஞ்சோ’ என்ற தொலைக்காட்சிப் போட்டியில் பதின்வயதினர் பாடினார்கள். நிறுவனங்கள் தேர்ந்தெடுத்துப் பழக்கி விற்றன. பாடகி மொமோயே யமாகுச்சி அப்படி வந்தவர். சென்னையில் தொலைக்காட்சி நிலையம் தொடங்கியதே 1975-இல்தான். இங்கே நட்சத்திரத்தை வளர்க்கும் வேலையைச் சம்பளமில்லாமல் செய்தவர்கள் ரசிகர்கள்.

1972 அக்டோபரில் தி.மு.க.விலிருந்து நீக்கப்பட்ட எம்.ஜி.ஆர். புதுக் கட்சி கண்டபோது, கிளைகளைத் தேடி அலைய வேண்டியிருக்கவில்லை. மன்றப் பலகைகளே கட்சிப் பலகைகளாயின. 1977-இல் அவர் முதலமைச்சரானார். ஜப்பானில் எந்தப் பாட்டு நட்சத்திரமும் பிரதமரானதில்லை.

அன்புடன்,
அண்ணன்