வெளுத்த நீலம்

ஜீன்ஸ் காற்சட்டையில் முழங்கால் பகுதியே முதலில் வெளுக்கும். பின்னர் நைந்து கிழியும். ஆனால், பின்புறம் தைத்திருக்கும் பையைப் பிரித்தெடுத்தால், அதன் அடியில் இருக்கும் துணி வாங்கிய நாளின் கருநீலத்தோடு காணப்படும்.

இவ்வேறுபாட்டிற்குக் காரணம் டெனிம் துணி உருவாகும் முறையே ஆகும். அதன் பாவு நூல் நீலம். ஊடை நூல் வெள்ளை. பாவு நூலை அவுரிச் சாயத்தில் பலமுறை தோய்த்தெடுப்பர். எனினும், சாயம் நூலின் மேற்புறத்திலேயே தங்கும். நடுப்பகுதி வெண்மையாகவே இருக்கும். உராய உராய மேற்புற நீலம் தேய்ந்து, உள்ளிருக்கும் வெண்மை வெளிப்படும். ஆகவே, உடுத்தியவர் எவ்வாறு குனிந்தார், எங்கே மண்டியிட்டார் என்பதைக்கூட அத்துணி காட்டிவிடும்.

இத்தகைய துணிகளைக் கொண்டு போர்வை தைத்தவர்கள், அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் உள்ள ஜீஸ் பெண்ட் என்னும் சிற்றூர்ப் பெண்கள். அலபாமா ஆறு அவ்வூரை மூன்று புறமும் வளைத்து ஓடுகிறது. ஊர் மக்களுள் பெரும்பாலோர், பருத்தித் தோட்டத்தில் அடிமைகளாக உழைத்த ஆப்பிரிக்கரின் வழிவந்தோர். தோட்ட உரிமையாளரின் பெட்வே என்னும் குடும்பப் பெயரே அவர்களுள் பலருக்கு இன்றும் பெயராக உள்ளது. அடிமை முறை ஒழிந்த பின்னும் வறுமை ஒழியவில்லை. மரவீடுகளின் இடுக்குகள் வழியே குளிர்காற்று புகும். அதனைத் தடுக்கச் சுவர்களில் செய்தித்தாள்களை ஒட்டினர். படுக்கையில் போர்வைகளை அடுக்கினர். புதுத்துணி வாங்கப் பணம் ஏது? வயலில் உடுத்துக் கிழிந்த உடைகளே கையில் இருந்தன. அவற்றுள் கிழியாத பகுதிகளை வெட்டிப் பட்டைகளாக இணைத்து, நடுவே பருத்தி பரப்பி, அடித்துணி வைத்துத் தைத்தனர்.

1942ஆம் ஆண்டு மிசௌரி பெட்வே என்பவர் தைத்த போர்வை இவற்றுள் புகழ்பெற்றது. கணவர் இறந்தபின், அவருடைய வேலை உடைகளை எடுத்து ஒரு போர்வையாக்க அவர் எண்ணினார். கணவரை நினைத்திருக்கவும், அன்போடு அதனைப் போர்த்திக்கொள்ளவுமே தாய் அவ்வாறு செய்தார் என்று மகள் ஆர்லோன்சியா பின்னாளில் கூறியுள்ளார். அதில் உள்ள வெளுத்த இடங்களும் கறைகளும் குறைகளாகத் தோன்றுவதில்லை. உழைத்த ஒருவரின் உருவமே அங்குப் படிந்திருப்பதாகத் தோன்றும்.

எல்லாப் போர்வைகளும் இவ்வாறு காக்கப்படவில்லை. பருத்திப் புகைக்குக் கொசு விலகும் என்று பழைய போர்வைகளை எரித்ததும் உண்டு. எஞ்சியவற்றுள் சில 2002இல் ஹூஸ்டன் நகர் நுண்கலை அருங்காட்சியகத்தில் காட்சிக்கு வைக்கப்பட்டன. 2006இல் அவ்வூர்ப் போர்வைகள் அமெரிக்க அஞ்சல் தலைகளிலும் இடம்பெற்றன.

பழைய துணியைப் போர்வையாக்கும் வழக்கம் இந்தியாவிலும் உண்டு. வங்காளத்தின் காந்தா, பீகாரின் சுஜனி, கர்நாடகத்தின் கவுதி ஆகியவற்றை அவ்வம் மாநிலங்களில் வாழும் மாணவர்கள் கண்டிருக்கலாம். தமிழ்நாட்டில் பாட்டியின் பழம்புடைவை தூளியாகும். மெல்லிய புடைவை குழந்தையின் மேனிக்கு ஏற்றது. தடித்த டெனிமோ கால்மிதிக்கும் திண்டு உறைக்கும் ஏற்றது.

திண்டு உறையின் மேற்பக்கத்திற்கு 15 செ.மீ. அளவுள்ள ஒன்பது சதுரங்கள் போதும். வெட்டுமுன் துணியைத் தனியே துவைத்தல் வேண்டும். இல்லையேல் நீலம் மற்றத் துணிகளில் ஏறிவிடும். தடித்த ஓரத் தையல்களை நீக்கிவிடுதல் நன்று. அவற்றின்மேல் ஓட்டினால் தையல் இயந்திரத்தின் ஊசி முறியக்கூடும். இழுபடும் ஜீன்ஸையும் இழுபடாத ஜீன்ஸையும் கலந்து தைத்தால் உறை கோணலாகும். வெளுத்த துண்டையும் கருத்த துண்டையும் மாற்றி மாற்றி வைத்தால் அழகு தானே அமையும்.

அருஞ்சொற்பொருள்: பாவு – தறியில் நீளவாட்டில் ஓடும் நூல், ஊடை – குறுக்கே ஓடும் நூல், அவுரி – நீலச்சாயம் தரும் செடி, தூளி – துணியால் கட்டும் தொட்டில்.

பயிற்சி

1. பை இருந்த இடம் மட்டும் வெளுக்காமல் இருப்பது ஏன்?

2. வரிசைக்கு மூன்றாக ஒன்பது சதுரங்களையும் இணைத்து, எல்லாப் பக்கமும் 1 செ.மீ. தையலுக்கு விட்டால், முடிந்த உறையின் அகலம் எவ்வளவு?

3. வீட்டில் எவருடைய பழைய உடை இன்னும் பத்திரமாக வைக்கப்பட்டுள்ளது? காரணத்தைப் பெரியோரிடம் கேட்டறிந்து ஐந்து தொடர்களில் எழுதுக.