வெறுத்த வேடம்

1942ஆம் ஆண்டு, ஹாலிவுட்டில் 'காசாபிளாங்கா' திரைப்படத்தின் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. நாஜிகளிடமிருந்து தப்பி அமெரிக்கா செல்லத் துடிக்கும் அகதிகளின் கதை அது. அதில் மேஜர் ஸ்ட்ராசர் என்னும் நாஜி அதிகாரியாக நடித்தவர் உயரமான, மெலிந்த ஒரு ஜெர்மானியர். சீருடையில் அவர் காட்டிய மிடுக்கைப் பார்த்தால் உண்மையான நாஜி என்றே தோன்றும். ஆனால், அவரும் நாஜி ஆட்சியை வெறுத்துத் தாய்நாட்டைவிட்டு வெளியேறியவர்தாம். அவர் பெயர் கான்ராட் ஃபைட்.

1893இல் பெர்லினில் பிறந்த ஃபைட், முதல் உலகப் போரில் படைவீரராகப் பணியாற்றினார். போர்முனையில் கடுமையாக நோயுற்றதால் திருப்பி அனுப்பப்பட்டார். பின்னர், புகழ்பெற்ற நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழுவில் நடித்து, திரையுலகிலும் கால்பதித்தார்.

1920இல் வெளிவந்த 'டாக்டர் கலிகாரி' படம் அவருக்குப் பெரும்புகழைத் தேடித் தந்தது. அப்படத்தில், தூக்கத்திலேயே நடந்து கொலை செய்யும் செசாரே என்னும் பாத்திரத்தை அவர் ஏற்றிருந்தார். அது பேசாப் படக்காலம். வசனத்தால் சொல்ல முடியாததை எல்லாம் முகமே சொல்ல வேண்டியிருந்தது. 1928இல் 'தி மேன் ஹூ லாஃப்ஸ்' படத்தில், எப்போதும் சிரிப்பதுபோல் வாய் சிதைக்கப்பட்ட மனிதனாக நடித்தார். உதடுகளை இழுத்துப் பிடிக்கும் ஒரு கருவியை வாயில் பொருத்திக்கொண்டதால், கண்களால் மட்டுமே சோகத்தைக் காட்ட முடிந்தது. பேட்மேன் கதைகளில் வரும் ஜோக்கரின் சிரிப்பு இந்த முகத்தைப் பார்த்து உருவானதுதான்!

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். திரைத்துறையிலிருந்து யூதர்கள் விலக்கப்பட்டனர். ஃபைட் யூதர் அல்லர். அவருடைய மனைவி லில்லி யூதப் பெண். மனைவியைக் கைவிட்டிருந்தால் அவர் ஜெர்மனியில் புகழோடும் செல்வத்தோடும் வாழ்ந்திருக்கலாம். ஆனால், கலைஞர்களின் இனத்தைக் கேட்ட படிவத்தில் அவர் தம்மையும் 'யூதர்' என்றே குறிப்பிட்டார் என அவருடைய வரலாற்றை எழுதியோர் கூறுகின்றனர். ஒரே சொல்தான், ஆனால், அதற்குப் பிறகு அந்நாட்டில் அவருக்கு வாழ்வில்லை. கணவனும் மனைவியும் பிரிட்டனில் குடியேறினர்.

நாற்பது வயதில் வேற்றுமொழியில் நடிப்பது எளிதன்று. அவர் ஆங்கிலத்தைப் பயின்று மீண்டும் முன்னணிக்கு வந்தார். 'தி தீஃப் ஆஃப் பாக்தாத்' படத்தில் கொடிய அமைச்சர் ஜாஃபராக அவர் மிரட்டியதையும், மைசூர்ச் சமஸ்தானத்தில் பிறந்த சாபு அவரை எதிர்த்து நின்றதையும் இன்றும் பார்த்து மகிழலாம். போர் மூண்டதால் அப்படத்தின் எஞ்சிய பகுதி ஹாலிவுட்டில் எடுக்கப்பட்டது. ஃபைட்டும் அங்கே சென்றார்.

ஹாலிவுட்டிலோ ஜெர்மானிய உச்சரிப்பு கொண்ட நடிகர்களுக்குப் பெரும்பாலும் நாஜி வேடங்களே கிடைத்தன. ஃபைட் அவற்றை மறுக்கவில்லை. எனினும், பார்ப்பவர் மனத்தில் இரக்கமோ வியப்போ எழாதவாறு அப்பாத்திரங்கள் கொடியவர்களாகவே அமைய வேண்டும் என்பதில் உறுதியாக இருந்தார். 'நாஜி ஏஜென்ட்' படத்தில் அவருக்கு இரட்டை வேடம். அண்ணன் தம்பியருள் ஒருவர் நாஜித் தூதர். மற்றவர் நாஜிகளை எதிர்க்கும் அமைதியான தபால்தலை வணிகர். நடித்து ஈட்டிய பணத்தில் பெரும்பகுதியைப் பிரிட்டனின் போர்க்கால நிதிக்கு அவர் வழங்கினார்.

1943 ஏப்ரல் 3ஆம் நாள், லாஸ் ஏஞ்சலிஸில் கோல்ஃப் விளையாடிக்கொண்டிருந்தபோது ஃபைட் மாரடைப்பால் காலமானார். அப்போது அவருக்கு வயது 50. 'காசாபிளாங்கா' அமெரிக்கா முழுவதும் திரைக்கு வந்து சில மாதங்களே ஆகியிருந்தன. ஹிட்லரின் ஆட்சி வீழ இன்னும் ஈராண்டுகள் இருந்தன.