ஒரு சொல் ஓலை

ஒரு சொல்லோ தொடரோ இருபொருள்பட அமைவது சிலேடை என்பதை மாணவர் அறிவர். காளமேகப் புலவரின் சிலேடைகள் தமிழிலே பிறந்து தமிழிலேயே பொருள் விரிப்பவை. ஒரு மொழியிற் கூறியதை மற்றொரு மொழியிற் பெயர்த்தாலன்றி நகை பிறவாத சிலேடையும் உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்துப் பள்ளிகளில் இலத்தீன் முதன்மையான பாடமாக விளங்கியது. அதனை ஆங்கிலத்திற் பெயர்ப்பது மாணவர்க்கு ஓயாத பயிற்சி. அப்பயிற்சியின் நிழலில் வளர்ந்த சொல் விளையாட்டுகள் பல.

அவற்றுள் புகழ்மிக்கது "பெக்காவி" என்பது. "நான் பாவம் செய்தேன்" என்பது இவ்விலத்தீன் சொல்லின் பொருள். கிறித்தவர் தம் குற்றத்தை ஒப்புக்கொள்ளும் சொல் அது. இதனை ஆங்கிலத்திற் பெயர்த்து உரக்கக் கூறினால், "சிந்து என் வசமாயிற்று" என்றும் கேட்கும். ஏனெனில், பாவம் செய்தலைக் குறிக்கும் வினையும் சிந்து நாட்டின் பெயரும் ஆங்கிலேயர் நாவில் ஒன்றுபோலவே ஒலிப்பன.

சிந்து நாட்டைத் தால்பூர் மரபினரான மீர்கள் 1783 முதல் ஆண்டுவந்தனர். கிழக்கிந்தியக் கும்பெனியார் அவர்களோடு உடன்படிக்கைகள் செய்திருந்தனர். எனினும், 1843 பிப்ரவரி 17-ஆம் நாள் மியானி என்னுமிடத்தில் சர் சார்லஸ் நேப்பியர் அவர்களைப் போரில் வென்றார். நாடு கும்பெனியார்க்கு உரியதாயிற்று. மீர்கள் சிறைப்பட்டு நாடு கடத்தப்பட்டனர். சிந்துவைக் கவர நமக்கு உரிமையில்லை, ஆயினும் கவரவே போகிறோம் என்ற கருத்தை நேப்பியரே தம் நாட்குறிப்பில் எழுதிவைத்திருந்தார். இங்கிலாந்திலும் இதனைக் கண்டித்தோர் உண்டு.

அப்போது கேதரின் விங்க்வொர்த் என்னும் பதினாறு வயது மங்கை இலத்தீன் அறிந்திருந்தார். வெற்றிச் செய்தியை நேப்பியர் "பெக்காவி" என்ற ஒரு சொல்லால் அறிவித்திருக்கலாமே என்று தம் ஆசிரியரிடம் கூறினார். பின்னர் அதனைப் "பஞ்ச்" என்னும் நகைச்சுவை வார இதழுக்கு அனுப்பினார். 1844 மே 18-ஆம் நாள் இதழில், நேப்பியரே விடுத்த ஓலைபோல அது வெளிவந்தது. சீசர் மூன்று சொற்களில் வெற்றியை அறிவித்தார் என்பர். இதற்கோ ஒரு சொல்லே போதுமானதாயிற்று!

நகைப்பிலே ஒரு முள்ளும் இருந்தது. "சிந்து என் வசமாயிற்று" என்று மகிழ்வோர் "நான் பாவம் செய்தேன்" என்பதையும் உடன்கேட்டே தீரவேண்டும். வேடிக்கையை மெய்யென நம்பி, அவ்வோலை நேப்பியருடையதே என்று நூல்களில் எழுதியோர் பலர். அவர்கள் அம்மங்கையின் அறிவுத்திறனைப் பறித்ததோடு, படைத்தலைவர் ஒருநாளும் விடுக்காத குற்ற ஒப்புதலையும் அவர்மேல் ஏற்றிவிட்டனர். கேதரினோ பிற்காலத்தில் செருமானிய வழிபாட்டுப் பாடல்களை ஆங்கிலத்திற் பெயர்த்துப் புகழ்பெற்றார்.

1856-இல் டல்ஹவுசி பிரபு அவத் நாட்டைக் கைக்கொண்டபோது, "நான் சூளுரைத்தேன்" எனப் பொருள்படும் "வோவி" என்ற சொல்லை அதே இதழ் அவர் வாயில் இட்டது. ஆங்கிலத்தில் "ஐ வௌட்" என்னும் அதனைச் சற்றே இழுத்தால் "அவத் என்னிடம்" என்று கேட்கும். ஒலி பொருந்தினும் குற்றம் சுட்டும் கூர்மை அதில் இல்லை. முன்னதற்கு அது ஈடாகாது.