சட்டை உரித்தல்

பாம்பு, பல்லி முதலிய ஊர்வன, அடியில் புதிய தோல் உருவானதும் பழைய மேல்தோலைக் களைகின்றன. இதனைச் ‘சட்டை உரித்தல்’ என்பர். இரு தோல்களுக்கும் இடையே ஊறும் நீர்மமே அவற்றைப் பிரிக்கிறது. பாம்பு பெரும்பாலும் ஒரே உறையாகவும், பல்லி துண்டு துண்டாகவும் தோலுரிக்கும்.

சூழலில் ஈரப்பதம் குறைந்தால் பழைய தோல் முழுமையாக நீங்காது. வீடுகளில் வளர்க்கப்படும் லெப்பர்டு கெக்கோ என்னும் பல்லிக்கு இதனால் நேரும் கேடு பெரிது. விரல்களில் தங்கிய தோல் காய்ந்து, நூலால் கட்டியதுபோல் இறுகும். குருதியோட்டம் தடைப்பட்டு விரலே உதிர்ந்துவிடவும் கூடும்.

அத்தோலைப் பிடித்திழுத்தல் ஆகாது. இழுத்தால் புதுத்தோலும் கிழியும். கால்கள் மட்டும் நனையுமளவு வெதுவெதுப்பான நீரில் பல்லியைச் சிறிது நேரம் நிறுத்தி, ஈரப்பஞ்சால் மெல்ல வருடினால் தோல் இளகி நீங்கும். பாம்புக்கு இமைகள் இல்லை. கண்ணை மூடியுள்ள ஒளிபுகும் செதிலின் மேலடுக்கும் சட்டையோடு உரியும். அது உரியாது தங்கினால் கையால் அகற்ற முயலாமல் கால்நடை மருத்துவரை நாடுதல் வேண்டும்; தவறினால் கண்ணே பழுதுபடலாம்.

லெப்பர்டு கெக்கோ வறண்ட நிலத்து உயிரி. எனினும், இயற்கையில் அது பாறையிடுக்குகளின் ஈரத்தில் ஒதுங்கும். கூண்டில் அவ்வாய்ப்பு இல்லை. ஈரப்பாசி பரப்பிய சிறு மறைவிடம் ஒன்றை அமைத்துத் தருவது வளர்ப்பவரின் கடமை. காட்டில் தானே தேடிக்கொள்ளும் ஈரத்தைக் கூண்டில் அது மனிதரிடமே எதிர்பார்த்திருக்கிறது.