கொடுமுடிக் குயில்

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில், 1908ஆம் ஆண்டு ஏழைக் குடும்பமொன்றில் பிறந்தவர் சுந்தராம்பாள் அம்மையார். இளமையிலேயே நாடக மேடை ஏறினார். ஒலிபெருக்கி இல்லாத அக்காலத்தில், கொட்டகையின் கடைசி வரிசையில் அமர்ந்தோர்க்கும் அவர் பாடல் தெளிவாகக் கேட்டது.

செங்கோட்டைக் கிட்டப்பாவுடன் அவர் நடித்த நாடகங்களைக் காண மக்கள் திரண்டனர். இருவரும் 1927இல் மணம் புரிந்துகொண்டனர். விடிய விடிய நடந்த நாடகத்தில் ஒரு பாட்டை வேண்டியவாறு விரித்துப் பாடலாம். இசைத்தட்டின் ஒரு பக்கத்திலோ மூன்று நிமிடமே அடங்கும். அச்சிறு பொழுதில் பாடலின் உயிர் கெடாமல் பாடும் திறன் அம்மையாரிடம் இருந்தது. நாடகக் குழு செல்லாத ஊருக்கும் இசைத்தட்டு சென்றது. திண்டிவனம், விழுப்புரம் முதலிய ஊர்களில் வாழ்ந்தோரும் தத்தம் ஊரிலிருந்தே அக்குரலைக் கேட்டு மகிழ வழி பிறந்தது.

முப்பது வயது நிரம்பும் முன்பே, 1933இல் கிட்டப்பா மறைந்தார். இருபத்தைந்தே வயதான அம்மையார் வெள்ளாடை உடுத்தார். மேடையை விட்டு விலகினார். எந்த ஆடவருக்கும் இணையாக இனி நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். எனினும் துயரம் அவர் கலையை அழிக்கவில்லை. 1935இல் வெளிவந்த ‘பக்த நந்தனார்’ படத்தில் நந்தனாராகத் தாமே நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஊதியம் ஓரிலட்சம் ரூபாய் என்பர். 1953இல் ஔவையாராகத் தோன்றினார். சட்டமன்ற மேலவை உறுப்பினராகவும் இருந்தார். 1970இல் ‘பத்மஸ்ரீ’ விருது பெற்றார்.

அம்மையார் 1980இல் மறைந்தார். துன்பம் வந்துற்றபோதும் தாம் பூண்ட உறுதியையும் கற்ற கலையையும் கைவிடாதோர் புகழ் நிலைபெறும் என்பதற்கு அவர் வாழ்வே சான்று.