வெயிலைத் திருப்பியனுப்பும் செடி



சூரியகாந்தியும் சாமந்தியும் அடங்கிய ஆஸ்டரேசி என்னும் தாவரக் குடும்பத்தைத் தோட்டத்துப் பூச்செடிகளின் குடும்பமாகவே பலர் எண்ணுகின்றனர்; ஆனால் கோடைப் பகலில் வெப்பம் 45 டிகிரி செல்சியசைத் தாண்டும் பாலைநிலத்தில் வேரூன்றிப் பல ஆண்டுகள் வாழும் புதர்ச்செடிகளும் அக்குடும்பத்தில் உள்ளன. அமெரிக்காவின் கலிபோர்னியா, அரிசோனா, நெவாடா மாநிலங்களிலும் மெக்சிகோவின் சொனோரா, பாகா கலிபோர்னியா பகுதிகளிலும் தானே வளரும் பிரிட்டில்புஷ் அவற்றுள் ஒன்று. தாவரவியல் நூல்கள் அதனை என்சீலியா ஃபாரினோசா என்று குறிக்கின்றன.

ஏறத்தாழ ஒரு மீட்டர் உயரத்தில் உருண்டு திரண்டு நிற்கும் இச்செடியின் கிளைகள் எளிதில் ஒடியக்கூடியவை. அவற்றிலிருந்து கசியும் நறுமணப் பிசினை ஸ்பானியப் பாதிரிமார் தேவாலயங்களில் சாம்பிராணியைப் போலப் புகைத்தனர் என்பதும், சொனோராக் கடற்கரையின் செரி மக்கள் அதனைப் பசையாகப் பயன்படுத்தினர் என்பதும் பதிவாகியுள்ளன. மழை பொய்க்காத ஆண்டில், குளிர்காலம் முடிந்து இளவேனில் வரும் வேளையில், இலைத்திரளுக்கு மேலே நீண்டெழும் இலையற்ற காம்புகளில் மஞ்சள் பூக்கள் மலர்கின்றன. ஒற்றைப் பூவாகத் தோன்றும் ஒவ்வொன்றும் உண்மையில் பல சிறுமலர்கள் நெருங்கி அமைந்த தொகுதியாகும். தாவரவியலார் அதனைத் தலை மஞ்சரி என்பர். விளிம்பில் இதழ்போல் விரியும் கதிர் சிறுமலர்கள் பூச்சிகளை அழைப்பதற்கே பயன்படுகின்றன, அவை காய்ப்பதில்லை. விதை தருவன நடுவிலுள்ள வட்டுச் சிறுமலர்களே.

பூவைவிட இலையே ஆராய்ச்சியாளரை மிகுதியாக ஈர்த்துள்ளது, அது நியாயமும்கூட. இலையின் இருபுறத்தையும் போர்த்தியிருக்கும் நுண்மயிர்கள், அதாவது தூவிகள், உலர்ந்து உள்ளே காற்று நிரம்பியவுடன் வெண்மையாகி, இலைமேல் விழும் ஒளியின் பெரும்பகுதியை வெளியே திருப்பிவிடுகின்றன. எல்ரிங்கர், பியோர்க்மன், மூனி ஆகிய மூவர் 1976இல் வெளியிட்ட ஆய்வில், கலிபோர்னியாவின் ஈரமான கடற்கரையில் வளர்வதும் தூவியற்றதுமான என்சீலியா கலிபோர்னிகா என்னும் நெருங்கிய உறவினத்தோடு ஒப்பிட, ஒளிச்சேர்க்கைக்கு உதவும் ஒளியைப் பாலைவன இனத்தின் இலை 56 விழுக்காடு வரை குறைவாகவே உட்கொள்கிறது என்று தெரியவந்தது.

ஒளியே உணவுக்கு மூலம் என்றிருக்க, அதனை ஒரு செடி ஏன் மறுக்க வேண்டும்? நீர் வளமுள்ள இடத்துச் செடிகள் இலைத்துளைகள் வழியே நீரை ஆவியாக்கி, அந்த நீராவிப்போக்கினால் இலையைக் குளிர்வித்துக்கொள்கின்றன. வறண்ட மண்ணில் நிற்கும் செடிக்கு அவ்வாறு செலவிட நீரில்லை. பாலைநிலத்தில் வாழ்ந்தாலும் இதன் ஒளிச்சேர்க்கை, கடற்கரை உறவினத்தைப் போலவே, 25 டிகிரி அளவிலேயே சிறப்பாக நடப்பதால், இலை மிகையாகச் சூடேறாமல் இருப்பது அதற்கு இன்றியமையாதது. ஆகவே உணவு உற்பத்தியில் ஒரு பங்கை விட்டுக்கொடுத்து இலையின் வெப்பத்தையும் நீரிழப்பையும் அது குறைத்துக்கொள்கிறது. இந்த ஏற்பாடு ஆண்டு முழுவதும் ஒரே அளவில் இருப்பதுமில்லை: மழைக்குப் பின் தோன்றும் இலைகள் பெரியனவாய், தூவி குறைந்து பசுமையாய் இருக்க, மண் உலர உலர அடுத்தடுத்து வரும் இலைகள் சிறுத்து வெளுக்கின்றன, வறட்சி நீண்டால் செடி இலைகளையே உதிர்த்துவிடுகிறது.

இதே இலை இன்னொரு வாதத்துக்கும் காரணமாயிற்று. ஒரு செடி வெளியிடும் வேதிப்பொருள் அருகிலுள்ள மற்றொரு செடியைப் பாதிப்பதை அல்லெலோபதி என்பர். பிரிட்டில்புஷ்ஷின் அடியில் ஓராண்டுச் செடிகள் அரிதாகவே முளைப்பது முன்பே கவனிக்கப்பட்டிருந்த நிலையில், கிரே, பானர் இருவரும் அதன் இலைகளிலிருந்து, தக்காளி நாற்றுகளின் வளர்ச்சியைத் தடுக்கும் ஒரு சேர்மத்தைப் பிரித்தெடுத்து 1948இல் அறிவித்தனர். விடை கிடைத்துவிட்டதாகவே தோன்றியது. ஆனால் கொர்னீலியஸ் முல்லர் 1953இல் வெளியிட்ட ஆய்வு, நச்சுப்பொருள் கொண்ட வேறொரு பாலைவனப் புதரின் அடியில் ஓராண்டுச் செடிகள் தாராளமாக வளர்வதைச் சுட்டிக்காட்டியது. அந்தப் புதரடியில் காற்று கொண்டுவரும் மண்ணும் சருகும் தங்கிச் சேர்கின்றன. பிரிட்டில்புஷ்ஷின் அடி அவற்றைத் தக்கவைத்துக்கொள்வதில்லை. எனவே நஞ்சு இருப்பது உண்மையாயினும், வெளிநிலத்தில் அடிமண் வெறுமையாகக் கிடப்பதற்கு அதுவே காரணம் என்று கொள்ள இடமில்லை.

1948ஆம் ஆண்டு முடிவை மட்டும் எடுத்துக்காட்டி, இச்செடி தன் அண்டையில் எதையும் வளரவிடாது என்று கூறும் நூல்கள் பாதிச் செய்தியையே தருகின்றன. அல்லெலோபதி பற்றிய பாடத்தில் இப்பெயர் எதிர்ப்பட்டால், சொல்லப்படும் சோதனை நாற்றுத்தொட்டியில் நடந்ததா, செடி நிற்கும் நிலத்திலேயே நடந்ததா என்று ஆசிரியரிடம் கேட்டறிக.